பூஞ்சை பிடித்த டிஸ்க்கும் ஐஎஸ்ஓ ஃபைலும்

இலஞ்சியில் ஆனி, ஆடி சாரல் காலத்தில் துணி காயாது, உப்பு ஜாடியில் நீர் விடும், தோல் செருப்பில் பச்சையாகப் பூஞ்சை படியும். அதே ஈரம் சிடி, டிவிடி மேலயும் வேலை செய்யும்கிறதை நாம அதிகம் யோசிக்கிறதில்லை. போன வருஷம் அக்கா மகன், "மாமா, உங்ககிட்ட பழைய கேம் நிறைய இருக்காமே, என் லேப்டாப்ல போட்டுத் தாங்க"ன்னு வந்து நின்னான். அவன் லேப்டாப்பில் டிஸ்க் டிரைவே கிடையாது. அலமாரியைத் திறந்து பார்த்தால் பல டிஸ்க்குகளில் வெள்ளைப் புள்ளிகள். அதிலிருந்து நான் எழுதி வைத்த குறிப்புகள்தான் இவை: டிஸ்க்கை இமேஜ் ஃபைலாக எடுப்பது எப்படி, அதிலிருந்து கம்ப்யூட்டரிலும் பிஎஸ்2-விலும் மொபைலிலும் விளையாடுவது எப்படி.

"எல்லா கேமும் நெட்லயே கிடைக்குதே, இதுக்கு எதுக்கு இவ்வளவு மெனக்கெடணும்?" என்று கேட்கலாம். உலகம் முழுக்க விற்ற கேம்களுக்கு அது சரி. நம்ம ஊர் கேம்களுக்கு இல்லை. 2009-ல் பிளேஸ்டேஷன் 2-க்கு 'ஹனுமான்: பாய் வாரியர்' வந்தது, ஹைதராபாத்தின் அரோனா டெக்னாலஜீஸ் செய்தது. அதே வருஷம் 'தேசி அட்டா: கேம்ஸ் ஆஃப் இந்தியா'. இது கேம்சாஸ்த்ரா, அதுவும் ஹைதராபாத். அதில் கபடி உண்டு, பட்டம் விடலாம், நம்ம கிட்டிப்புள் 'கில்லி டண்டா' என்ற பெயரில் இருக்கும். 2011-ல் 'ரா.ஒன்'. 2013-ல் 'டான் 2'. உலகம் பிஎஸ்3-யைத் தாண்டி பிஎஸ்4-க்குக் காத்திருந்த வருஷத்தில், சோனி பிஎஸ்2 தயாரிப்பையே நிறுத்திவிட்ட நேரத்தில், நம்ம ஊருக்காக வெளிவந்த பிஎஸ்2 கேம் அது. தரத்தில் இவை சுமார்தான், அதில் சந்தேகமில்லை. ஆனால் இந்தியாவில் கன்சோல் கேம் செய்யக் கற்றுக்கொண்டவர்களின் முதல் நோட்டுப்புத்தகங்கள் இவை. யாரும் மறுவெளியீடு செய்யப்போவதில்லை. டிஸ்க் போனால் கேமும் போச்சு.

சரி, இமேஜ் என்றால் என்ன? டிஸ்க்கில் இருக்கும் ஃபைல்களை ஒரு ஃபோல்டரில் காப்பி செய்வது இமேஜ் ஆகாது. டிஸ்க்கின் தகவல் சின்னச் சின்னத் துண்டுகளாக, செக்டார்களாக, எழுதப்பட்டிருக்கிறது. முதல் செக்டாரில் இருந்து கடைசி செக்டார் வரை, வரிசை மாறாமல் அப்படியே ஒரே ஃபைலாக எழுதிக்கொள்வதுதான் இமேஜ். ஐஎஸ்ஓ என்ற பெயர், சிடியில் ஃபைல்களை அடுக்கும் முறைக்கு 1988-ல் வந்த ஐஎஸ்ஓ 9660 தரத்தில் இருந்து ஒட்டிக்கொண்டது.

இங்கே ஒரு கணக்கு பார்க்கணும், பின்னால் வரும் பல குழப்பங்களுக்கு விடை இதில்தான் இருக்கிறது. சிடியின் ஒரு செக்டார் 2352 பைட். கம்ப்யூட்டர் டேட்டா சிடியில் அதில் 2048 பைட்தான் நம்ம தகவல். மிச்சம் 304-ல் 12 பைட் செக்டார் தொடக்கத்தைக் காட்டும் அடையாளம், 4 பைட் முகவரி, 288 பைட் பிழை கண்டுபிடித்துத் திருத்துவதற்கு. ஐஎஸ்ஓ ஃபைலில் அந்த 2048 மட்டும்தான் சேரும். வெறும் டேட்டா டிஸ்க்குக்கு இது போதும். ஆனால் 90-களின் கேம் சிடிகள் பலவற்றில் முதல் டிராக் டேட்டா, அடுத்த டிராக்குகள் எல்லாம் பாட்டு, சாதாரண ஆடியோ சிடி மாதிரியே. 1996-ல் வந்த 'குவேக்' சிடியை ஐஎஸ்ஓவாக எடுத்தால் கேம் ஓடும், பின்னணி இசை வராது. இந்த மாதிரி டிஸ்க்குக்கு 2352 பைட்டையும் எடுக்கும் பின்–க்யூ வடிவம்தான் சரி: பின் ஃபைலில் தகவல், க்யூ ஃபைலில் எந்த டிராக் எங்கே தொடங்குகிறது என்ற பட்டியல். பிளேஸ்டேஷன் 1 டிஸ்க்குகளையும் பின்–க்யூவாகத்தான் எடுக்கணும். டிவிடியில் இந்தத் தொல்லை இல்லை, ஐஎஸ்ஓவே போதும்.

எடுப்பதற்கு முன் டிஸ்க்கைக் கழுவுங்கள். குழாய்த் தண்ணீர், ஒரு சொட்டு பாத்திரம் கழுவும் லிக்விட், பழைய பருத்தித் துணி. நடுவில் இருந்து விளிம்பு நோக்கி நேராகத் துடைக்கணும். வட்டமாகத் துடைத்தால் விழும் கீறல், டிராக் ஓடும் திசையிலேயே நீளமாகப் போய் பிழை திருத்தத்தைத் தோற்கடித்துவிடும். எல்லாரும் அடிப்பக்கக் கீறலைப் பார்த்துத்தான் பயப்படுகிறார்கள். சிடியில் உண்மையான ஆபத்து மேல்பக்கம். 1.2 மில்லிமீட்டர் பிளாஸ்டிக்குக்கு மேலே அலுமினியப் படலம், அதற்கு மேல் மெல்லிசா ஒரு வார்னிஷ், அதன்மேல் லேபிள் அச்சு, அவ்வளவுதான். லேபிள் பக்கம் ஈரம் உள்ளே புகுந்தால் அலுமினியம் அரித்துப்போகும். டிஸ்க்கை வெளிச்சத்துக்கு எதிரே பிடித்தால் ஊசி குத்தின மாதிரி ஓட்டைகள் தெரியும். அந்த இடத்தில் தகவல் இல்லவே இல்லை, கழுவிப் பயனில்லை. டிவிடியில் படலம் இரண்டு பிளாஸ்டிக் தகடுகளுக்கு நடுவில் இருப்பதால் கொஞ்சம் பாதுகாப்பு. 2001-ல் மத்திய அமெரிக்காவின் பெலீஸ் நாட்டில் சிடியைத் தின்னும் பூஞ்சையைக் கண்டுபிடித்ததாக ஸ்பெயின் விஞ்ஞானிகள் சொன்னபோது உலகமே ஆச்சரியப்பட்டது. குற்றாலம் பக்கம் வீடு வைத்திருப்பவர்கள் அவ்வளவு ஆச்சரியப்பட்டிருக்க மாட்டார்கள்.

நல்ல நிலையில் இருக்கும் டிஸ்க்குக்கு, விண்டோஸில் இம்க்பர்ன், யுஎஸ்பியில் மாட்டும் ஒரு டிவிடி டிரைவ், அவ்வளவு போதும். பாதி செத்த டிஸ்க்குக்கு லினக்ஸில் இருக்கும் குனு டிடிரெஸ்க்யூதான் என் சிபாரிசு. படிக்க முடியாத இடத்தில் முட்டிக்கொண்டு நிற்காமல், முதல் சுற்றில் சுலபமாக வருவதை எல்லாம் அள்ளிக்கொள்ளும். பிறகு விட்டுப்போன செக்டார்களை மட்டும் திரும்பத் திரும்ப முயற்சி செய்யும். எது வந்தது, எது வரவில்லை என்பதை ஒரு மேப் ஃபைலில் எழுதி வைக்கும். இதில் ஒரு அருமையான வசதி உண்டு. அதே கேமின் இன்னொரு டிஸ்க் நண்பர் வீட்டில் கிடைத்தால், அதையும் பழைய மேப் ஃபைலோடு ஓட்டலாம். முதல் டிஸ்க்கில் வராத செக்டார்கள் மட்டும் இரண்டாவதில் இருந்து வந்து நிரம்பும். இரண்டு டிஸ்க்கும் தனித்தனியாக ஓடாது, ஆனால் ஓட்டை ஒரே இடத்தில் இல்லாவிட்டால் முழு இமேஜ் கிடைத்துவிடும். எங்க வீட்டு 'தேசி அட்டா' பிழைத்தது இப்படித்தான். இரண்டாவது டிஸ்க், கூடப் படித்தவன் ஒருத்தன் கடையநல்லூரில் பரணில் போட்டு வைத்திருந்தது.

இனி கம்ப்யூட்டரில் இன்ஸ்டால் செய்வது. விண்டோஸ் 8-ல் இருந்து ஐஎஸ்ஓவை டபுள் கிளிக் செய்தாலே மவுண்ட் ஆகிவிடும். அதாவது, கம்ப்யூட்டரில் ஒரு டிஸ்க் டிரைவ் இருக்கு, அதில் டிஸ்க்கும் போட்டிருக்கு என்று விண்டோஸை நம்பவைக்கிறோம். உள்ளே செட்டப்பை ஓட்டினால் வேலை முடிந்தது. விண்டோஸ் 7-க்கு வின்சிடிஇமு மாதிரி தனி மென்பொருள் வேணும். பின்–க்யூவை விண்டோஸ் தானாகத் திறக்காது. டாஸ் கேம் என்றால் டாஸ்பாக்ஸின் இம்க்மவுண்ட் கட்டளைக்கு க்யூ ஃபைலைக் காட்டினால் பாட்டும் சேர்ந்து வரும்.

இமேஜ் சரியாக இருந்தும் கேம் ஓடாமல் போக இரண்டு காரணங்கள் அடிக்கடி வரும். ஒன்று, 90-களின் கேம் பலவும் 32-பிட்டாக இருந்தாலும் அதன் செட்டப் மட்டும் 16-பிட். 64-பிட் விண்டோஸ் 16-பிட் புரோகிராமைத் தொடவே தொடாது. விர்ச்சுவல் பாக்ஸில் 32-பிட் எக்ஸ்பி போட்டு, ஐஎஸ்ஓவை அதன் டிஸ்க் டிரைவாகக் கொடுத்து, அங்கே இன்ஸ்டால் ஆன ஃபோல்டரை வெளியே எடுத்துப் பார்க்கலாம், பல நேரம் ஓடும். லினக்ஸ்காரர்களுக்கு இந்தக் கவலை இல்லை, வைன் 64-பிட்டிலும் 16-பிட் செட்டப்பை ஓட்டும். இன்னொன்று சேஃப்டிஸ்க் என்ற காப்பி பூட்டு. வேண்டுமென்றே சில செக்டார்களைக் கெடுத்து அச்சடித்திருப்பார்கள், சாதாரண ஐஎஸ்ஓவில் அந்தக் கெடுதல் பதியாது. இதில் வேடிக்கை என்னன்னா, அதற்கான டிரைவரைப் பாதுகாப்புக் காரணமாக மைக்ரோசாஃப்ட் 2015-ல் விண்டோஸ் 10-ல் இருந்தே எடுத்துவிட்டது. அதனால் காசு கொடுத்து வாங்கின ஒரிஜினல் டிஸ்க்கைப் போட்டாலும் ஓடாது!

பிஎஸ்2 கதை வேறு. அதில் பெரும்பாலும் இன்ஸ்டால் என்ற பேச்சே இல்லை, டிஸ்க்கில் இருந்தே நேரடியாக ஓடும். அடிப்பக்கம் வெள்ளியாக இருந்தால் டிவிடி, நீலமாக இருந்தால் சிடி. சாதாரண கம்ப்யூட்டர் டிரைவ் இரண்டையும் படிக்கும். (எக்ஸ்பாக்ஸ் டிஸ்க்கைப் போட்டுப் பார்த்து ஏமாறாதீர்கள், அதில் கேம் பகுதி கம்ப்யூட்டர் டிரைவின் கண்ணுக்கே தெரியாது.) எடுத்த ஐஎஸ்ஓவை பிசிஎஸ்எக்ஸ்2 என்ற எமுலேட்டரில் காட்டினால் விண்டோஸ், லினக்ஸ், மேக் மூன்றிலும் ஓடும். கூடவே பிஎஸ்2-வின் பயாஸ் தேவை, அதை நம்ம சொந்த பிஎஸ்2-வில் இருந்தே எடுக்கணும். பழைய பிஎஸ்2-வின் லென்ஸ் போய், மிச்சமெல்லாம் நன்றாக இருந்தால் ஓபன் பிஎஸ்2 லோடர் மூலமாக யுஎஸ்பி டிரைவில் இருந்தே ஓட்டலாம். ஃபேட்32 என்று ஃபார்மட் செய்த டிரைவில் ஒரு ஃபைல் 4 ஜிபியைத் தாண்ட முடியாது, ஒற்றை அடுக்கு டிவிடியே 4.7 வரை போகும். பெரிய ஐஎஸ்ஓவை அதற்கான மென்பொருளில் துண்டாக்கித்தான் போடணும்.

மொபைலில் ஓட்ட ரொம்பச் சுலபம் பிஎஸ்பி. பிபிஎஸ்எஸ்பிபி எமுலேட்டருக்கு பயாஸ் வேண்டாம், ஆண்ட்ராய்டில் வருஷக்கணக்காக உண்டு, 2024-ல் ஐபோனுக்கும் வந்துவிட்டது. சிக்கல் இமேஜ் எடுப்பதில்தான். பிஎஸ்பியின் யுஎம்டியைப் படிக்கும் கம்ப்யூட்டர் டிரைவ் என்று ஒன்று கிடையாது. பிஎஸ்பியில் கஸ்டம் ஃபர்ம்வேர் போட்டு, அதையே டிரைவ் மாதிரி கேபிளில் இணைத்துத்தான் எடுக்கணும். பிஎஸ்பி செத்துப்போனால் வழி அடைபட்டது, அதனால் இதை முதலில் செய்துவிடுங்கள்.

இது சட்டப்படி சரியா? நம்ம காப்புரிமைச் சட்டத்தின் 52(1)(ஏஏ) பிரிவு, கம்ப்யூட்டர் புரோகிராமின் ஒரு பிரதியை முறையாக வைத்திருப்பவர், அந்தப் பிரதியில் இருந்தே, அது தொலைந்தோ கெட்டோ போகாமல் இருக்க பேக்அப் எடுப்பதை உரிமை மீறலாகக் கருதவில்லை. 2012 திருத்தத்தில் வந்த 65ஏ, உரிமையை மீறும் நோக்கத்தோடு பூட்டை உடைப்பதைத்தான் குற்றமாக்குகிறது. வக்கீல் இல்லாத என் வாசிப்பு இது: உங்கள் டிஸ்க்கில் இருந்து நீங்களே எடுப்பதற்கு இடம் உண்டு. நெட்டில் யாரோ ஏற்றியதை இறக்குவதற்கும், எடுத்ததை நாலு பேருக்குக் கொடுப்பதற்கும், இமேஜை வைத்துக்கொண்டு டிஸ்க்கை விற்பதற்கும் இல்லை. அக்கா மகனுக்கும் ஐஎஸ்ஓவைக் கொடுக்கவில்லை. எங்க வீட்டுக்கு வந்துதான் விளையாடுகிறான்.

ஆகவே இமேஜ் எடுத்த பிறகும் டிஸ்க்கைத் தூக்கிப் போடாதீர்கள். உறையில் போட்டு நெட்டுக்குத்தாக நிறுத்தி, மூடி இறுக்கமான டப்பாவில் சிலிக்கா ஜெல் பையோடு வையுங்கள். சாரல் தொடங்கும் முன்னாடி பையை மாற்றிவிடணும். இமேஜுக்கு எஸ்ஹெச்ஏ-1 கணக்கிட்டு ஒரு டெக்ஸ்ட் ஃபைலில் எழுதி, இரண்டு ஹார்ட் டிஸ்க்கில் வையுங்கள். ரீடம்ப் தளத்தில் கேம் கிடைக்காது, ஆனால் பல டிஸ்க்குகளின் சரியான எஸ்ஹெச்ஏ-1 எண் கிடைக்கும். உங்கள் எண்ணும் அதுவும் ஒன்றாக இருந்தால் ஒரு பைட் கூட விட்டுப்போகவில்லை. உங்கள் டிஸ்க் அந்தப் பட்டியலில் இல்லையா? அப்படியானால் அதைத்தான் முதலில் எடுக்கணும்.