உத்தரவை மீறுவதே அவமதிப்பு

நீட் தேர்வு நெருங்கிய 2020 செப்டம்பரில் தமிழகத்தில் மாணவர்கள் சிலர் உயிரிழந்தார்கள். அவர்களில் ஒருவர் அரியலூர் மாவட்டத்தைச் சேர்ந்தவர். கொரோனா அச்சத்தால் காணொலியில் விசாரணை நடத்தும் நீதிமன்றம், மாணவர்களை மட்டும் அஞ்சாமல் போய்த் தேர்வெழுதச் சொல்கிறது என்று நடிகர் சூர்யா அறிக்கை வெளியிட்டார். அது நீதிமன்ற அவமதிப்பு என்று சென்னை உயர்நீதிமன்ற நீதிபதி எஸ்.எம்.சுப்பிரமணியம் தலைமை நீதிபதிக்குக் கடிதம் எழுதினார். நடவடிக்கை தேவையில்லை என்று தலைமை நீதிபதி ஏ.பி.சாஹி தலைமையிலான அமர்வு முடிவு செய்தது. சரியான முடிவு. ஒருவர் விமர்சித்ததால் நீதிமன்றத்தின் மதிப்பு குறையாது. அது பிறப்பித்த உத்தரவு அலுவலகக் கோப்பில் தூங்கினால்தான் குறையும்.

1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், உத்தரவை வேண்டுமென்றே மீறுவதை உரிமையியல் அவமதிப்பு என்கிறது. பட்டா, ஓய்வூதியம், ஏரி ஆக்கிரமிப்பு என்று வழக்காடும் சாதாரண மக்களுக்குப் பயன்பட வேண்டிய பகுதி இதுதான். ஆனால் அவமதிப்புக்குத் தண்டிக்கும் அதிகாரம் உயர்நீதிமன்றத்திடம் இருக்கிறது. திருச்சி மாவட்டத்துக்காரர் அதன் மதுரைக் கிளைக்குப் போகலாம். பக்கத்துப் பெரம்பலூர், அரியலூர் மாவட்டத்துக்காரர்கள் சென்னைக்குத்தான் போக வேண்டும். மீறல் நடந்த ஓராண்டுக்குள் மனுப் போட வேண்டும். "அடுத்த மாதம் பார்க்கலாம்" என்ற அதிகாரியின் பேச்சை நம்பிக் காத்திருந்தால் அந்தக் கெடு போய்விடும். எல்லாத் தடைகளையும் தாண்டினாலும் சட்டம் விதிக்கும் உச்சபட்ச அபராதம் 2,000 ரூபாய். சிறை என்றால் ஆறு மாதம் வரை வெறுங்காவல். இழப்பீட்டுப் பணத்துக்கோ பொதுவாக நிறைவேற்று மனு என்ற வேறு வழிதான். அரியலூர் மாவட்டத்தின் ஜெயங்கொண்டம் பழுப்பு நிலக்கரி மின்திட்டத்துக்கு 1990-களில் நிலம் எடுக்கப்பட்டவர்கள் கூடுதல் இழப்பீடு கேட்டு ஆண்டுக்கணக்கில் வழக்காடினார்கள். அந்த வழக்குகளுக்கென்றே தனி நீதிமன்றங்கள் தேவைப்பட்டன. அவ்வளவு காத்திருந்து தீர்ப்பு வாங்குபவரை, அதை நிறைவேற்ற இன்னொரு வழக்குப் போடச் சொல்வது கொடுமை.

அதிகாரிக்கு மேல்முறையீட்டு உரிமை இல்லையா என்று கேட்கலாம். உண்டு. ஆனால் மேல்முறையீடு செய்வதாலேயே உத்தரவு நின்றுவிடாது. தடையாணை பெற்றால்தான் நிற்கும். நிதி ஒதுக்கீடோ அதிகாரமோ இல்லாத அதிகாரியைத் தண்டிப்பது நியாயமா என்பது வலுவான கேள்வி. அதற்காகத்தான் சட்டம் வெறும் மீறலைச் சொல்லாமல், வேண்டுமென்றே செய்த மீறலைச் சொல்கிறது. உண்மையான இடையூறு இருப்பவர் கெடு முடியும் முன்பே நீதிமன்றத்தில் அதைச் சொல்லி அவகாசம் கேட்கலாம். கேட்காமல், செய்யாமல் இருப்பதற்குச் சமாதானம் கிடையாது.

உத்தரவுகளை நிறைவேற்ற வைக்கப் புதிய சட்டம் வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. தங்கள் மீதான ஒவ்வொரு உத்தரவையும், அதன் கெடுவையும், பொறுப்பு அதிகாரியின் பதவியையும், தடையாணை உண்டா என்பதையும் பெரம்பலூர், அரியலூர் மாவட்ட ஆட்சியர் அலுவலகங்கள் இரண்டும் மாதந்தோறும் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கட்டும். எங்கே, யாரிடம் உத்தரவு தங்கிக் கிடக்கிறது என்று வழக்காடியவருக்குத் தெரிந்துவிட்டால், பாதி அவமதிப்பு வழக்குகளுக்குத் தேவையே இருக்காது.