பாண்டுவா: ஆறு கைவிட்ட தலைநகர்

பாரசீக மொழியில் 'ஆதீனா' என்னும் சொல் வெள்ளிக்கிழமையைக் குறிக்கும். சைவ மடங்களைச் சுட்டும் 'ஆதீனம்' என்னும் சொல் நம் செவிக்குப் பழகியிருப்பதால் தமிழர் சற்றே மயங்கக்கூடும், இரண்டிற்கும் தொடர்பில்லை. மேற்கு வங்காளத்தின் மால்தா மாவட்டத்தில் ஒரு சிற்றூரும் ஓர் இரயில் நிலையமும் இப்பெயரைத் தாங்கி நிற்கின்றன. அங்கே இடிந்து கிடக்கும் ஜும்ஆப் பள்ளிவாசலே பெயருக்குக் காரணம். அப்பள்ளிவாசல் எந்த நகரத்திற்காக எழுப்பப்பட்டதோ அந்த நகரம் இன்று வயல்களும் குளங்களும் மாந்தோப்புகளும் சூழ்ந்த ஒரு கிராமம். அதன் பெயர் பாண்டுவா.

வங்காளத்தில் இப்பெயரில் வேறோர் ஊரும் உண்டு. ஹூக்ளி மாவட்டத்துப் பாண்டுவாவிலிருந்து பிரித்தறிவதற்காக, இறைநேசர்கள் வாழ்ந்த மால்தா மாவட்டத்து ஊரை 'ஹஸ்ரத் பாண்டுவா' என மரியாதையுடன் அழைப்பர். பதினான்காம் நூற்றாண்டில் சுதந்திர வங்காளத்தின் தலைநகராய் விளங்கிய ஊர் இதுவே. தலைநகர் இங்கு ஏன் வந்தது, ஏன் நீங்கியது, நீங்கியபின் எஞ்சியது யாது என்னும் மூன்று வினாக்களுக்கு விடை காண்பதே இக்கட்டுரையில் நம் நோக்கம்.

மேட்டு நிலமும் ஆறும்

வங்காளம் என்றதும் சேறும் வெள்ளமும் நிறைந்த தாழ்நிலமே நம் மனக்கண்முன் தோன்றும். பாண்டுவா அத்தகையதன்று. மால்தா நகரிலிருந்து வடக்கே ஏறத்தாழ 18 கிலோமீட்டர் தொலைவில், 'பரிந்த்' எனப்படும் மேட்டு நிலத்தின் மேற்கு ஓரத்தில் அது அமைந்துள்ளது. பண்டைய வரேந்திரம் என்னும் நாட்டுப் பெயரின் மரூஉவே பரிந்த். ஆறுகள் ஆண்டுதோறும் கொணரும் புதுவண்டல் அல்லாமல், நெடுங்காலத்திற்கு முன் படிந்து இறுகிய செம்மை கலந்த களிமண் இங்குள்ளது. வெள்ளம் எளிதில் ஏறாது. ஆகவே குடிநீருக்கும் பாசனத்திற்கும் குளம் வெட்டியே ஆகவேண்டும். பாண்டுவாவைச் சுற்றிலும் குளங்கள் மலிந்திருப்பதற்குக் காரணம் இதுவே. வடக்குத் தெற்காக நீண்ட குளங்கள் முஸ்லிம் ஆட்சிக்கு முற்பட்டவை, கிழக்கு மேற்காக நீண்டவை பிற்பட்டவை என்று பழைய ஆய்வாளர் வகுத்தனர்.

மேற்கே மகாநந்தா ஆறு ஓடுகின்றது. இன்று விலகியிருக்கும் அவ்வாறு, நகரம் செழித்த காலத்தில் அதனை அடுத்தே ஓடிற்று என்பர். மேட்டு நிலம் வெள்ளத்திலிருந்து காத்தது. ஆறு கங்கையோடும் கடலோடும் இணைத்தது. கல் கிடைக்காத வங்காளத்தில், கட்டடங்களுக்கு வேண்டிய கருங்கல்லை இராஜ்மகால் குன்றுகளிலிருந்து கொண்டுவரவும் நீர்வழியே உதவியது. தலைநகர் இங்கு வந்ததற்கு நிலமும் நீருமே முதற்காரணம் எனலாம்.

சுல்தான்களின் நகர்

தெற்கேயிருந்த பழைய தலைநகர் லக்னௌதி. கௌர் என்பதும் அதுவே. 1340ஆம் ஆண்டை ஒட்டி அலாவுத்தீன் அலீ ஷாவின் காலத்தில் ஆட்சிபீடம் அங்கிருந்து பாண்டுவாவிற்கு மாறியது. 1342இல் அரியணை ஏறிய ஷம்சுத்தீன் இல்யாஸ் ஷா, பிரிந்து கிடந்த வங்காளப் பகுதிகளை ஒன்றாக்கினார். 'ஷாஹே பங்காலா' என டெல்லி வரலாற்றாசிரியரே அவரைக் குறிப்பிட்டார். அக்கால நாணயங்களில் பாண்டுவா 'பிரோஸாபாத்' எனப் பொறிக்கப்பட்டுள்ளது. டெல்லி சுல்தான் பிரோஸ் ஷா துக்ளக் 1353-54இலும், பின்னர் 1359இலும் படையெடுத்து வந்தும் வங்காளத்தின் சுதந்திரம் அழியவில்லை.

இல்யாஸ் ஷாவின் பேரர் கியாஸுத்தீன் ஆஸம் ஷா (1390-1411) புனித மக்காவிலும் மதீனாவிலும் மத்ரஸாக்கள் நிறுவப் பொருள் அனுப்பியவர். ஷீராஸ் நகரத்துக் கவிஞர் ஹாஃபிஸைத் தம் அவைக்கு அழைத்ததாகவும் மரபு கூறும். சீனத்து மிங் பேரரசரோடு தூதுறவும் தொடங்கினார். சீனக் கப்பற்படையுடன் பயணம் செய்த மா ஹுவான் என்னும் சீன முஸ்லிம் அறிஞர் வங்காளம் பற்றி எழுதிய குறிப்புகள் சுவையானவை. மக்கள் வங்காள மொழி பேசுவதையும் சிலர் பாரசீகம் அறிந்திருப்பதையும் மரப்பட்டையிலிருந்து வெண்ணிறத் தாள் செய்யப்படுவதையும் அவர் பதிவு செய்துள்ளார். தேநீருக்குப் பழகிய அவருக்கு, விருந்தினர்க்குப் பாக்கு அளித்து உபசரிக்கும் வழக்கம் புதுமையாக இருந்தது. நமக்கோ அது நம் வீட்டு வழக்கமே.

ஆதீனா பள்ளிவாசல்

இல்யாஸ் ஷாவின் மைந்தர் சிக்கந்தர் ஷா (1358-1390) 1370களில் எழுப்பியதே ஆதீனா. ஏறத்தாழ 172 மீட்டர் நீளமும் 97 மீட்டர் அகலமும் கொண்டு, நடுவே திறந்த முற்றமும் நாற்புறமும் தூண் மண்டபங்களுமாக விரிந்த அப்பள்ளிவாசல், இந்தியத் துணைக்கண்டத்தில் அன்றிருந்தவற்றுள் மிகப் பெரியதாகக் கருதப்படுகின்றது. கீழ்ப்பகுதி கல்; மேற்பகுதி செங்கல். முந்நூற்றுக்கும் மேற்பட்ட சிறு குவிமாடங்கள் கூரையாய் அமைந்திருந்தன. சுல்தான் தொழுவதற்கெனத் தனிமேடையும் உண்டு. அரபு, பாரசீக நாடுகளின் சுல்தான்களுக்கும் மேலானவராகத் தம்மைப் போற்றும் கல்வெட்டையும் அவர் பொறித்து வைத்தார். டெல்லியின் படையெடுப்பைத் தாங்கி நின்ற ஓர் அரசன், தன் தகுதியை உலகிற்கு உரைக்கக் கட்டிய கட்டடம் இது.

இங்கு மறைக்க வேண்டாத ஒன்றுண்டு. ஆதீனாவின் சுவர்களிலும் வாயில்களிலும் முற்காலக் கோயில், விகாரங்களின் செதுக்குக் கற்கள் பல காணப்படுகின்றன. அவை எவ்வாறு வந்தன என்பதில் ஆய்வாளரிடையே ஒருமித்த கருத்தில்லை. அதே வேளையில் கட்டடத்தின் அமைப்பும் மிஹ்ராபுகளும் மிம்பரும் கல்வெட்டும் அது பள்ளிவாசலாகவே கட்டப்பட்டதை ஐயமின்றிக் காட்டுகின்றன. அண்மை ஆண்டுகளில் இதனைக் கோயில் எனக் கொள்ளும் வாதம் எழுந்துள்ள நிலையில், இவ்விரு உண்மைகளையும் சேர்த்துச் சொல்வதே நேர்மை. ஒன்றைச் சொல்லி மற்றதை விடுவது வரலாறு ஆகாது.

இத்துணைப் பெருங்கட்டடத்தை எழுப்பிய சிக்கந்தர் ஷா, ஆட்சிக்காகத் தம் மகன் ஆஸம் ஷாவோடு நிகழ்ந்த போரிலேயே உயிர் நீத்தார்.

இரு தர்காக்கள்

அரசர்களின் பாண்டுவாவிற்கு அருகிலேயே மற்றொரு பாண்டுவாவும் இருந்தது. பெரிய தர்கா, பதின்மூன்றாம் நூற்றாண்டில் வங்காளம் வந்த ஷைகு ஜலாலுத்தீன் தப்ரீஸீ (ரஹ்) அவர்களின் நினைவிடம். அஃது அவர்களின் அடக்கத்தலம் அன்று. தங்கித் தியானித்த இடமாகவே போற்றப்படுகின்றது. மதுரை சுல்தானின் அவையைக் கண்டபின் வங்காளம் சென்ற இப்னு பதூதா, தாம் சந்தித்த பெரியாரை ஜலாலுத்தீன் தப்ரீஸீ என்றே எழுதியுள்ளார். ஆயினும் அவர் சந்தித்தது சில்ஹட் நகரத்து ஷாஹ் ஜலால் (ரஹ்) அவர்களையே என்பது ஆய்வாளர் முடிபு.

சிறிய தர்காவில் ஷைகு அலாவுல் ஹக் (ரஹ்), அவர்தம் மைந்தர் நூர் குத்புல் ஆலம் (ரஹ்) ஆகியோர் அடங்கியுள்ளனர். டெல்லி நிஸாமுத்தீன் அவுலியா (ரஹ்) அவர்களின் சீடரான அகீ சிராஜ் (ரஹ்) வழியாக வந்த சிஷ்தியா நெறியினர் இவர்கள். அலாவுல் ஹக் அவர்களின் கான்காவில் ஏழைகளுக்கும் வழிப்போக்கர்க்கும் உணவளிக்கப்பட்டது. அரசனையும் விஞ்சி ஒருவர் செலவிடுவதைக் கண்டு மனம் பொறாத சுல்தான் சிக்கந்தர், அவர்களைச் சோனார்காவுக்கு அனுப்பியதாகவும், அங்குச் சென்ற ஷைகு முன்னிலும் இருமடங்கு செலவிடுமாறு பணியாளரிடம் கூறியதாகவும் இறைநேசர் வரலாறுகள் உரைக்கின்றன. மைந்தர் நூர் குத்புல் ஆலமோ கான்காவிற்கு விறகு சுமந்தும் எளியோரின் ஆடைகளை வெளுத்தும் பணிவு பயின்றார்கள்.

இவ்விரு தர்காக்களின் மானிய நிலங்களும் ஊர்மக்கள் நாவில் எண்களாகவே வழங்குகின்றன. பெரிய தர்காவினது 'பாயிஸ் ஹஜாரி', அதாவது இருபத்திரண்டாயிரம் பிகா. சிறியதனது 'ஷஷ் ஹஜாரி', ஆறாயிரம் பிகா. பயணியரின் பசியாற்றவும் கான்காவைப் பேணவும் விடப்பட்ட வக்ஃபு நிலங்கள் இவை.

குடிசைக் கூரை கண்ட கல்லறை

பதினைந்தாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ராஜா கணேஷ் என்னும் செல்வாக்குமிக்க நிலக்கிழார் ஆட்சியைத் தம் வயப்படுத்தினார். நூர் குத்புல் ஆலம் ஜவுன்பூர் சுல்தான் இப்ராஹீம் ஷர்க்கிக்கு மடல் எழுதி உதவி நாடினார்கள். முடிவில் கணேஷின் மகன் ஜது இஸ்லாத்தை ஏற்று, ஜலாலுத்தீன் முஹம்மது ஷா என்னும் பெயரில் அரியணை ஏறி 1433 வரை ஆண்டார். நாணயங்களில் கலிமாவைப் பொறித்த அம்மன்னரே ராயமுகுட பிருகஸ்பதி மிசிரர் என்னும் சமஸ்கிருத அறிஞரையும் ஆதரித்தார்.

அவர் அடங்கிய இடமாகக் கருதப்படுவது 'ஏக்லாகி' கல்லறை மாடம். ஓர் இலட்சம் செலவில் கட்டப்பட்டதால் இப்பெயர் என்பர். வெளியே சதுரம், உள்ளே எண்கோணம், மேலே ஒற்றைக் குவிமாடம், சுவரெங்கும் சுடுமண் அலங்காரம். அதன் கூரை விளிம்பு நேர்கோடாக இல்லாமல் மெல்ல வளைந்திருக்கும். மழைநீர் வழிந்தோடுமாறு மூங்கிலை வளைத்து வேயும் வங்காளக் குடிசையின் கூரையே அவ்வளைவிற்கு மூலம். ஆதீனா தொலைநாட்டுப் பேரரசுகளை நோக்கி நின்றது. அரை நூற்றாண்டு கழித்து எழுந்த ஏக்லாகியோ அண்டை வீட்டு உழவனின் கூரையை நோக்கிற்று. வங்காளத்து இஸ்லாமியக் கட்டடக்கலை தன் மொழியைக் கண்டுகொண்டது இங்கேதான்.

ஆறு விலகியபின்

பதினைந்தாம் நூற்றாண்டிலேயே தலைநகர் மீண்டும் கௌருக்குச் சென்றது. ஆறு விலகியதும் அதற்கொரு காரணம் எனக் கருதுவர். கௌரும் நிலைக்கவில்லை, கங்கை தன் போக்கை மாற்ற, 1575இல் கொள்ளைநோய் அந்நகரைப் பாழாக்கியது. பாண்டுவாவில் அதன்பின் எழுந்த குறிப்பிடத்தக்க கட்டடம், நூர் குத்புல் ஆலமின் வழித்தோன்றல் ஒருவர் 1582இல் கட்டிய குத்ப் ஷாஹி பள்ளிவாசலே. பிறகு காடு மூடிற்று. கட்டடக் கற்கள் பிற ஊர்களுக்குப் பெயர்ந்தன. பத்தொன்பதாம் நூற்றாண்டின் நிலநடுக்கங்கள் ஆதீனாவின் கூரையை வீழ்த்தின.

அக்காட்டைத் திருத்தி மீண்டும் விளைநிலம் ஆக்கியோருள் சந்தால் பழங்குடியினர் முதன்மையானவர்கள். திருத்திய நிலம் அவர்கள் கையில் நிலைக்கவில்லை; பலர் குத்தகை உழவராயினர். 1932 டிசம்பரில் ஜீது சந்தால் என்பவரின் தலைமையில் அவர்கள் கிளர்ந்தெழுந்து ஆதீனா இடிபாட்டைத் தம் அரணாகக் கொண்டபோது, காவல்படையோடு நேர்ந்த மோதலில் ஜீது உயிரிழந்தார். ஆதீனாவின் வரலாற்றில் சுல்தானுக்கு இடமுண்டெனில் இவருக்கும் இடமுண்டு.

1947 ஆகஸ்டில் மால்தா எந்த நாட்டில் சேரும் என்பது சில நாட்கள் தெளிவின்றி இருந்தது. 17ஆம் நாள் எல்லை அறிவிப்பு வெளியானபின் அது இந்தியாவிற்கு உரியதாயிற்று. கௌரின் இடிபாடுகளோ இரு நாடுகளுக்கும் பங்கிடப்பட்டன.

எஞ்சியது எது?

வங்காளத்தில் இஸ்லாம் ஆட்சியாளரின் வாளால் பரவியது என்பார்க்குப் பாண்டுவாவின் நிலவியலே மறுமொழி கூறும். ஒரு நூற்றாண்டு தலைநகராயிருந்த பாண்டுவாவை உள்ளடக்கிய காஜோல் வட்டாரத்தில் இன்றும் முஸ்லிம்கள் சிறுபான்மையினரே. அவர்கள் மிகச் செறிந்து வாழ்வதோ தலைநகர்களுக்குத் தொலைவிலுள்ள கீழை வங்காளத்தில். கங்கையின் பெருநீர் கிழக்கே திரும்பியபின், அங்குக் காடழித்து நெல் விளைவித்த உழவர் சமூகங்களோடு சிறு சிறு பள்ளிவாசல்களும் எழுந்தன; இஸ்லாம் வேரூன்றியது இவ்வாறே என்று அமெரிக்க வரலாற்றாசிரியர் ரிச்சர்டு ஈட்டன் 1993இல் வெளியான தம் நூலில் நிறுவினார்.

இன்று ஆதீனா தொல்லியல் துறையின் பாதுகாப்பிலுள்ள சின்னம். வெள்ளிக்கிழமையின் பெயரைத் தாங்கிய அப்பள்ளிவாசலில் ஜும்ஆத் தொழுகை இல்லை. சற்றுத் தெற்கே தர்காக்களிலோ மக்கள் வரவு ஓயவில்லை. முஸ்லிம்களோடு பிற சமயத்தாரும் நேர்ச்சையுடன் வருகின்றனர். அரசன் தன் பெருமைக்குக் கட்டியதன் கூரை சரிந்தது. விறகு சுமந்தவரின் வாசல் திறந்தே இருக்கின்றது. வங்கம் செல்லும் நம்மவர் கொல்கத்தாவோடு திரும்பிவிடாமல், ஒரு நாளேனும் ஒதுக்கி இவ்விரண்டையும் அடுத்தடுத்துக் கண்டுவர வேண்டும்.