கண்ணாடியிழைப் படகில் துளையிடுவோர் கவனத்திற்கு

மண்வெட்டி பிடித்த எமது கைகள் சில, இடம்பெயர்வின் பின் களப்போரங்களில் துடுப்பும் பிடிக்கின்றன. கண்ணாடியிழைப் படகில் ஒரு வளையம் பூட்டவோ, வெளியிணைப்பு இயந்திரத்தைப் பொருத்தவோ துளையிட நேரிடும். மரத்தில் துளையிடுவது போல் இதிலும் செய்தால் படகும் கெடும், நெஞ்சும் கெடும்.

மெல்லிய கண்ணாடி நார்களைப் பிசினில் தோய்த்து இறுகவிட்டதே கண்ணாடியிழை. அதன் வெளிப்புறத்தில் ஜெல்கோட் என்னும் பளபளப்பான பூச்சு உண்டு. அது கடினமானது, ஆனால் இலகுவில் செதிலாகப் பெயரும்.

முதலில் எம்மைக் காப்போம்

துளையிடும்போது எழும் தூள் தோலை அரிக்கும். கண்ணையும் சுவாசத்தையும் தாக்கும். முகத்தில் துணி கட்டுவது போதாது. தூசு வடிக்கும் முகமூடி, கண்ணாடி, நீண்ட கைச்சட்டை மூன்றும் வேண்டும். குடிசை, கிணறு, பிள்ளைகள் ஆகியவற்றுக்கு அப்பால், காற்றோட்டமான இடத்தில் வேலை செய்வோம். தூளை ஊதாமல் ஈரத்துணியால் துடைப்போம். பின்னர் தேய்க்காமல் குளிர்நீரில் கழுவி, உடுப்பைத் தனியே தோய்ப்போம்.

துளையிடும் முறை

1. குறித்த இடத்தில் ஒட்டுநாடா ஒட்டுங்கள். உட்புறத்தில் ஒரு மரத்துண்டை இறுக்கிக் கட்டுங்கள்; அலகு வெளிவரும் பக்கம் பிளக்காது.

2. கூரான அலகையே பாவியுங்கள். வெளிப்பூச்சுப் பக்கமிருந்து தொடங்கி, பூச்சு அறுபடும் வரை அலகைப் பின்னோக்கிச் சுழற்றுங்கள்.

3. அதன்பின் முன்னோக்கி, 3 மில்லிமீற்றர் அளவில் சிறு துளை இட்டு, படிப்படியாகப் பெரிதாக்குங்கள். அழுத்த வேண்டாம். மின்சாரம் இல்லாத இடத்தில் கைத்துளைப்பானும் போதும்.

4. துளையின் வெளி விளிம்பைச் சற்றே சரிவாக்குங்கள். ஆணி இறுகும்போது பூச்சு வெடிக்காது.

துளையை அப்படியே விடலாகாது

அறுபட்ட நார்களின் வழியே நீர் ஊறும். இயந்திரம் பூட்டும் பின்பலகையினுள் பல படகுகளில் ஒட்டுப்பலகை இருக்கும். நீர் புகுந்தால் அது உள்ளே உக்கிவிடும், வெளியே தெரியாது. ஒருநாள் நடுக் களப்பில் இயந்திரம் ஆட்டங்காணும். ஆகவே துளை நன்கு உலர்ந்தபின் உட்சுவரில் பிசின் பூசி, நீர்காப்புப் பசையிட்டே ஆணியை முடுக்க வேண்டும். பிசினை இறுக்கும் திரவம் கண்ணிற் பட்டால் பார்வையே போகலாம், கண்ணாடியைக் கழற்றாதீர்கள். பட்டுவிட்டால் உடனே நிறைய நீரால் கழுவி, வைத்தியரிடம் செல்லுங்கள்.

பதறாத காரியம் சிதறாது என்பார்கள். கடன்பட்டு வாங்கிய படகில் அரை மணி நேரம் கூடுதலாகச் செலவிடுவது வீண்போகாது.