வட கொரியச் செய்தி எங்கிருந்து வருகிறது?

2011 டிசம்பர் 17 அன்று வட கொரியத் தலைவர் கிம் ஜாங் இல் இறந்தார். 19ஆம் தேதி அரசுத் தொலைக்காட்சி அறிவிக்கும்வரை, பக்கத்திலேயே இருக்கும் தென் கொரியாவுக்குக்கூட அது தெரியாது.

அடுத்த மாதமே அமெரிக்கச் செய்தி நிறுவனமான அசோசியேட்டட் பிரஸ் வட கொரியத் தலைநகர் பியோங்யாங்கில் அலுவலகம் திறந்தது. ஆனால் அதன் வெளிநாட்டுச் செய்தியாளர்கள் அங்கேயே குடியிருக்க முடியவில்லை. விட்டுவிட்டுப் போய் வந்தார்கள். போகும் இடமெல்லாம் அரசு அமர்த்திய ‘வழிகாட்டி’ கூடவே வருவார். அவர் கண்ணெதிரே ஒரு கடைக்காரரிடம் ‘வியாபாரம் எப்படி?’ என்று கேட்டால் என்ன பதில் கிடைக்கும்? கேள்வி கேட்பவர் விமானம் ஏறிவிடுவார். பதில் சொன்னவர் அங்கேயே வாழ வேண்டும்.

2016 மே மாதம் ஆளுங்கட்சி மாநாட்டுக்கு நூற்றுக்கும் மேற்பட்ட வெளிநாட்டுச் செய்தியாளர்களை அழைத்தார்கள். மாநாடு தொடங்கிய அன்று மண்டபத்துக்குள் விடவில்லை. எட்ட நின்று கட்டடத்தைப் படம் பிடித்தவர்களை ஒரு கம்பித் தொழிற்சாலைக்குக் கூட்டிப்போனார்கள். அதே நாட்களில் பிபிசியின் ரூபர்ட் விங்ஃபீல்ட்-ஹேய்ஸ், தன் செய்திகளுக்காக விமான நிலையத்தில் தடுத்து நிறுத்தப்பட்டு, மணிக்கணக்கில் விசாரிக்கப்பட்டு, மன்னிப்புக் கடிதத்தில் கையெழுத்திட்ட பின் நாடு கடத்தப்பட்டார்.

அந்த நாட்டின் அன்றாட வாழ்க்கை பற்றி நாம் படிப்பதில் பெரும்பகுதி வேறு வழியில் வருகிறது. யாலு ஆற்றங்கரையில் ஹேசான் என்றொரு ஊர். அக்கரை சீனா, அங்குள்ள கைப்பேசிக் கோபுரத்தின் சிக்னல் இக்கரையிலும் கிடைக்கும். கடத்தி வந்த சீனக் கைப்பேசியில் ஒருவர் சில நிமிடங்கள் பேசிவிட்டு அணைத்துவிடுவார். அதற்கு மேல் பேசினால் சிக்னலை மோப்பம் பிடிக்கும் கருவி அவரைக் காட்டிக்கொடுத்துவிடும். மறுமுனையில் தென் கொரியத் தலைநகர் சியோலின் ‘டெய்லி என்கே’ அல்லது ஜப்பானின் ஒசாகாவிலுள்ள ‘ஆசியா பிரஸ்’ செய்தி நிறுவன ஆட்கள். ஒரு கிலோ அரிசி என்ன விலை? சீன யுவான் எவ்வளவுக்குப் போகிறது? கேட்பதற்குச் சாதாரணம்தான். ஆனால் அரிசி விலை ஏறுகிறது என்றால் எத்தனையோ வீடுகளில் உலையில் அரிசி குறைகிறது என்று அர்த்தம். இதைச் சொல்லும் மனிதர் அகப்பட்டால் சிறை முகாம்தான். நான் மதிக்கும் செய்தியாளர் அவரே. அவர் பெயரை எந்தப் பத்திரிகையும் போட முடியாது.

இந்த வழியிலும் தவறு நேரும். வட கொரியப் பாடகி ஹ்யோன் சோங் வோல் சுட்டுக் கொல்லப்பட்டதாக 2013இல் தென் கொரியப் பத்திரிகை ஒன்று எழுதியது. மறு ஆண்டு அவர் தொலைக்காட்சியில் தோன்றினார். அதனால்தான் கவனமானவர்கள் ஒரே தகவலை வெவ்வேறு ஊர்க்காரர்களிடம் தனித்தனியாகக் கேட்டுச் சரிபார்க்கிறார்கள்.

2020 ஜனவரியில் கொரோனாவைக் காரணம் காட்டி எல்லை மூடப்பட்டது. ஆகஸ்டில், எல்லையோரம் அனுமதியின்றி வருவோரைச் சுட உத்தரவு வந்தது. அதற்குப் பிறகும் ஹேசானின் அரிசி விலை வந்துகொண்டுதான் இருந்தது.