‘ஹேவ் ஒர்க்ட்’டும் ‘ஹேவ் பீன் ஒர்க்கிங்’கும்
(இரண்டாமாண்டு பி.எஸ்ஸி. மாணவர், அத்திப்பட்டு)

ஆங்கில இலக்கணம் என்றவுடன் முகம் சுளிப்போர் நம்மில் பலர். அதிலும் பிரசென்ட் பெர்ஃபெக்ட், அதன் தம்பி பிரசென்ட் பெர்ஃபெக்ட் கன்டினியூயஸ் ஆகிய இரண்டும் நம்மைப் படுத்தும் பாடு கொஞ்சநஞ்சமன்று. மூத்தது ‘ஐ ஹேவ் ஒர்க்ட்’. இளையது ‘ஐ ஹேவ் பீன் ஒர்க்கிங்’. எங்கே எதை எழுதுவது?

தொல்லை நம் தமிழிலேயே தொடங்குகிறது. “மூன்று வருடமாக இங்கே வேலை செய்கிறேன்” என்கிறோம். தமிழுக்கு நிகழ்காலமே போதும். ‘வருடமாக’ என்பதிலுள்ள ‘ஆக’ மீதியைப் பார்த்துக்கொள்ளும். அதை அப்படியே மாற்றி ‘ஐ ஆம் ஒர்க்கிங் ஹியர் ஃபார் த்ரீ இயர்ஸ்’ என்று எழுதிவிடுகிறோம். ஆங்கில இலக்கணம் இதை ஏற்பதில்லை. முன்பு தொடங்கி இன்றுவரை நீளும் செயலுக்கு அங்கே ‘ஹேவ்’ வேண்டும்.

சரி, ‘ஹேவ்’ போட்டாயிற்று. ‘பீன்’, ‘இங்’ இரண்டும் சேர வேண்டுமா? ‘எவ்வளவு காலமாக?’ என்ற கேள்விக்கு விடையானால் பெரும்பாலும் சேரும். ‘எத்தனை முடிந்தது?’ என்பதற்கு விடையானால் சேராது. ஆய்வுக்கூடத்தில் அரைமணி நேரமாக அளவெடுத்துக் கொண்டிருக்கிறோமா? ‘வீ ஹேவ் பீன் டேக்கிங் ரீடிங்ஸ்’. ஆறு அளவுகள் எடுத்தாயிற்றா? ‘வீ ஹேவ் டேக்கன் சிக்ஸ் ரீடிங்ஸ்’.

இது தேர்வுக்கு மட்டும் உரிய சங்கதியன்று. எங்கள் வட்டாரத்தில் ஒப்பந்தத் தொழிலாளர் ஏராளம். மனு எழுத வேண்டுமென்றால் தெருவில் கல்லூரிக்குப் போகும் பிள்ளையைத்தான் தேடி வருவார்கள். தொழில் நிறுவனத்தில் 24 மாத காலத்திற்குள் 480 நாட்கள் தொடர்ந்து பணிபுரிந்தவரை நிரந்தரமாக்க வேண்டும் என்று நம் மாநிலத்தில் 1981-ஆம் ஆண்டு இயற்றப்பட்ட சட்டம் கூறுகிறது. அதைச் சுட்டி எழுதும் மனுவில் அண்ணன், தம்பி இருவரும் வேண்டும். ‘ஐ ஹேவ் பீன் ஒர்க்கிங் ஹியர் சின்ஸ் 2021’ என்றால், அன்று சேர்ந்தவர் இன்றும் வேலையில் இருக்கிறார். ‘ஐ ஹேவ் கம்ப்ளீட்டட் 480 டேஸ்’ என்பது நாள் கணக்கு. வெறுமனே ‘ஐ ஒர்க்ட் ஹியர்’ என்று எழுதினாலோ, வேலையை விட்டுப் போனவராகிவிடுவார்! இலக்கணம் யாரையும் நிரந்தரமாக்கிவிடாதுதான். ஆனால் மனுவைத் தட்டிக்கழிக்க ஒரு சாக்காவது குறையும்.

‘நோ’, ‘ஓன்’ போன்ற சில வினைகள் பிடிவாதக்காரர்கள். எத்தனை வருடப் பழக்கமானாலும் ‘ஐ ஹேவ் நோன் ஹிம்’ என்றே எழுத வேண்டும்; ‘நோயிங்’ ஆகாது.

‘லிவ்’, ‘ஒர்க்’, ‘ஸ்டாண்ட்’ ஆகியவை இரு பக்கமும் சாயும். நிலையானதற்கு அண்ணனும் தற்காலிகமானதற்குத் தம்பியும் பொருந்துவர். ராயபுரம் ரயில் நிலையம் 1856-இல் திறக்கப்பட்டது. எனவே ‘இட் ஹேஸ் ஸ்டுட் தேர் சின்ஸ் 1856’. கும்மிடிப்பூண்டி வண்டிக்காக அத்திப்பட்டில் காத்து நிற்கும் நானோ, ‘ஐ ஹேவ் பீன் ஸ்டாண்டிங் ஹியர் ஃபார் ஃபார்ட்டி மினிட்ஸ்’ என்பேன். வண்டி வந்தால் நான் ஏறிப் போய்விடுவேன். ராயபுரத்துக் கட்டடம் எங்கும் போகாது.