அஞ்சறைப் பெட்டியைவிடப் பெரிசா?

அமெரிக்க டெலிவிஷனில் 1950 முதல் 1967 வரை ‘வாட்ஸ் மை லைன்?’ என்றொரு விளையாட்டு வந்தது. யாரோ ஒருவர் வந்து பலகையில் பெயர் எழுதிவிட்டு உட்காருவார். அவருக்கு என்ன தொழில் என்று நாலு பேர் கேள்வி கேட்டே கண்டுபிடிக்கணும். பதில் ‘ஆமாம்’, ‘இல்லை’ மட்டுந்தான். ஒவ்வொரு ‘இல்லை’க்கும் 5 டாலர், பத்து சேர்ந்தால் வந்தவருக்கே ஜெயம்! பிரமுகர் வந்தால் நால்வர் கண்ணையும் கட்டிவிடுவார்கள். 1957-ல் ஓவியர் சால்வடார் டாலி வந்து, கேட்டதற்கெல்லாம் ‘ஆமாம்’ போட்டுத் திணற அடித்தார். ‘ரொட்டிப் பெட்டியைவிடப் பெரிசா?’ என்பது ஸ்டீவ் ஆலனின் பிரசித்தமான கேள்வி. நமக்கென்றால் அஞ்சறைப் பெட்டி!

மரக்காணம் உப்பளத்துப் பெண் ஒருத்தி அங்கே போய் உட்கார்ந்திருந்தால்?

‘சாப்பிடுகிற பொருளா?’ ஆமாம்.

‘செடியில் காய்க்குமா?’ இல்லை.

‘அடுப்பில் ஏற்றுவீர்களா?’ இல்லை. வெயில்தான் அடுப்பு.

ஆரம்ப காலத்தில் வந்தவரின் கையைக்கூடப் பார்ப்பார்கள். இவளுக்குப் பாதத்தைப் பார்த்தாலே போதுமே! உப்புநீரில் நின்று நின்று வெடித்த பாதம். வெள்ளை உப்பின் கூச்சத்தில் இடுங்கிய கண். தலையில் சுமந்து போய் அம்பாரத்தில் கொட்டுகிறவள். ராத்திரி நல்ல தண்ணீரில் கால் கழுவித் தேங்காயெண்ணெய் தடவினால் எரிச்சல் கொஞ்சம் அடங்கும். ரப்பர் பூட்ஸும் கறுப்புக் கண்ணாடியும் கிடைத்தால் வெடிப்பும் கூச்சமும் குறையும். ஐப்பசி மழை பிடித்துக்கொண்டால் உப்பும் இல்லை, கூலியும் இல்லை.

லீவில் பிள்ளைகளோடு ஆடிப் பாருங்கள். முதலில் இவளையே வையுங்கள். பத்து ‘இல்லை’க்குள் கண்டுபிடிக்கிறார்களா, பார்ப்போம்!