வரப்புத் தகராறு: சமாதானமானால் வழக்கு முடியுமா?

ஆவடியை அடுத்த முத்தாபுதுப்பேட்டை போன்ற பகுதிகளில் வயலும் வீட்டு மனையும் இன்று அடுத்தடுத்து உள்ளன. முன்பெல்லாம் வரப்பு ஒரு முழம் நகர்ந்தால் சில படி நெல்தான் நட்டம். இப்போது அந்த ஒரு முழத்துக்கு மனை விலை! ஆகவே வரப்பு வெட்டு, வாய்க்கால் மறிப்பு, மாடு மேய்ந்தது போன்ற தகராறுகள் கைகலப்பாகிக் காவல் நிலையம் வரை போய்விடுகின்றன. கோபம் தணிந்ததும் பெரியவர்கள் முன்னிலையில் வெள்ளைத் தாளில் எழுதிக் கையொப்பமிட்டு, வழக்கு ஒழிந்தது என்று இரு தரப்பாரும் நிம்மதி அடைகின்றனர். இது தவறு. முதல் தகவல் அறிக்கை பதிவான பின் வழக்கை நடத்துவது அரசாகும். தாளை நம்பி வாய்தாவுக்குப் போகாதவருக்கு நடவு நாளில் பிடி ஆணை வரக்கூடும்.

எந்த வழக்கு எங்கே முடியும் என்பதை விவசாயிகள் அறிந்துகொள்வது அவசியம். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 359-வது பிரிவில் சமரசத்துக்குரிய குற்றங்களின் பட்டியல் உள்ளது. கையால் அடித்த சாதாரண காயம், அத்துமீறி நுழைதல், தனியார் ஒருவருக்கு மட்டும் நட்டம் விளைவித்த சேதம் ஆகியவற்றில் பாதிக்கப்பட்டவரே விசாரணை நீதிமன்றத்தில் சமரசம் செய்துகொள்ளலாம். எலும்பு முறிவு போன்ற கொடுங்காயமானால் நீதிமன்றத்தின் அனுமதி தேவை. சமரசம் ஏற்கப்பட்டால் அது விடுதலைக்குச் சமம். இத்தகைய வழக்குகளை லோக் அதாலத்திலும் முடித்துக்கொள்ளலாம்.

மண்வெட்டியோ அரிவாளோ இடையில் வந்துவிட்டால் நிலைமை வேறு. ஆபத்தான ஆயுதத்தால் ஏற்படுத்திய காயம் அப்பட்டியலில் இல்லை. கன்னத்தில் அறைந்தவர் உள்ளூர் நீதிமன்றத்திலேயே முடித்துக்கொள்ள, மண்வெட்டியை ஓங்கியவர் சென்னை உயர் நீதிமன்றம் வரை போக வேண்டியிருக்கும். வயலுக்குப் போகிறவர் கையில் மண்வெட்டி இல்லாமல் எப்படி இருக்கும்? அதனால்தான் வரப்பில் நின்று பேசும் தகராறு ஆபத்தானது.

உயர் நீதிமன்றம் 528-வது பிரிவின்கீழ் (பழைய சட்டத்தில் 482) வழக்கை ரத்து செய்யலாம். சமரசத்தின் பேரில் இந்த அதிகாரத்தை எப்போது பயன்படுத்தலாம் என்பதை உச்ச நீதிமன்றம் 2012-இல் ஞான் சிங் வழக்கில் தெளிவாக்கியது. தனிப்பட்டவர்களிடையே எழுந்த பூசலானால் ரத்து செய்யலாம். கொலை, பாலியல் வன்கொடுமை போன்று சமுதாயத்தைப் பாதிக்கும் கொடிய குற்றங்களுக்கு இடமில்லை. மத்தியப் பிரதேசத்தில் 2000-ஆம் ஆண்டு பணத் தகராறில் ஒருவரது சுண்டுவிரல் வெட்டுப்பட்டது. தண்டனை விதிக்கப்பட்ட பிறகு இரு தரப்பாரும் சமாதானமாயினர். 2021-இல்தான் உச்ச நீதிமன்றம் அவ்வழக்கை ரத்து செய்தது. ஒரு சுண்டுவிரலுக்கு இருபத்தொரு ஆண்டுகள்!

சமாதானம் ஆனாலே போதும் என்றும் இருந்துவிடக் கூடாது. குஜராத்தின் ஜாம்நகரில் போலி ஆவணம் தயாரித்து நிலத்தை அபகரித்ததாக ஒரு வழக்கு. சமரசம் ஆகிவிட்டதாகக் கூறியும் உயர் நீதிமன்றம் ரத்து செய்ய மறுத்தது. 2017-இல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. மனை விலை ஏறிவரும் ஊர்களில் இத்தீர்ப்பைக் குறிப்பாக நினைவில் கொள்ள வேண்டும். மிரட்டி வாங்கிய கையொப்பமும் செல்லாது.

சமரசம் எழுதும்போது வழக்கின் குற்ற எண், காவல் நிலையம், இரு தரப்பார் விவரம், கொடுக்க வேண்டிய இழப்பீடு ஆகியவற்றைத் தெளிவாகக் குறிப்பிட வேண்டும். தகராறுக்குக் காரணமான எல்லையைத் தீர்க்காமல் வழக்கை மட்டும் முடிப்பது, களையை வேரோடு பிடுங்காமல் மேலே அறுப்பது போலாகும். அடுத்த பட்டத்தில் மீண்டும் முளைக்கும். ஆகவே நில அளவையரைக் கொண்டு அளந்து கல் நட்டு, சர்வே எண்ணையும் உட்பிரிவையும் பத்திரத்தில் சேர்ப்பது நல்லது. வழக்கறிஞர் வைக்க வசதியற்றவர்கள் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை 15100 என்ற எண்ணில் அணுகலாம். ரத்து உத்தரவின் நகல் கைக்கு வரும் வரை ஒரு வாய்தாவையும் தவறவிடக் கூடாது.